கொக்கிக்குக் கீழே ஓர் எண்

முப்பத்து நான்கு வருஷம் வீடு வீடாகப் போய் மின்சார மீட்டர் பார்த்தவருக்கு, ஓய்வு பெற்று மூன்று வருஷம் ஆன பிறகும் மீட்டர்காரர் என்ற பேர்தான் நிலைத்தது. மளிகைக் கடைக்காரர் அப்படித்தான் கூப்பிடுவார். எதிர்வீட்டு அம்மாளும் அப்படித்தான். மனைவிகூட எரிச்சல் வரும்போது, "மீட்டர்காரரே, ஊர் வீட்டையெல்லாம் பார்த்தது போதும், கொஞ்சம் இந்த வீட்டையும் பாருங்க" என்பாள். குழாய் ஒழுகும், இல்லாவிட்டால் ஜன்னல் கொண்டி கழன்றிருக்கும். அவர் உடனே எழுந்து போய்ச் சரி செய்துவிடுவார். வாயால் பதில் சொல்லும் பழக்கம் அவருக்கு அவ்வளவாக இல்லை.

அந்த மனைவி போய்ப் பதினான்கு மாதம் ஆகிவிட்டது. பதினோரு நாள் ஆஸ்பத்திரி, அவ்வளவுதான். பள்ளிக்கூட நூலகத்தில் வேலை பார்த்தவள். நாள் முழுக்கப் பிள்ளைகளைப் பார்த்து உதட்டில் விரல் வைத்தே பழகிப்போனவள், வீட்டிலும் மெல்லத்தான் பேசுவாள். அவள் இல்லாத வீட்டின் அமைதிக்கும் இருந்த வீட்டின் அமைதிக்கும் வித்தியாசம் இருக்கும் என்று அவர் நினைத்ததே இல்லை. இருந்தது. காலையில் கண்ணாடி வளையல் சமையல் மேடையில் இடிக்கும் சத்தம் கேட்காததால், எத்தனையோ நாள் எழுந்திருக்காமலே படுத்துக் கிடந்தார்.

பீரோவுக்கு மேலே ஒரு கறுப்புப் பெட்டி உண்டு. அதற்குள் அவளுடைய சாக்ஸபோன். கல்யாணத்துக்கு முன்னால் அவள் தன் மாமாவின் இசைக்குழுவில் வாசித்துக்கொண்டிருந்தவள். பதினேழு வயதில் மாமா வாங்கிக் கொடுத்ததாம். பெண் பார்க்கப் போன அன்றைக்கே சொல்லிவிட்டாள். கல்யாணமாகி வந்தபோது புடவைப் பெட்டிக்கு முன்னால் அந்தப் பெட்டிதான் வீட்டுக்குள் வந்தது. பிறகு பீரோ மேல் ஏறியது, அங்கேயே இருந்தது. வெள்ளையடிக்கிற சமயத்தில் அவளே இறக்குவாள், அவளே ஏற்றுவாள்.

வெளிநாட்டில் இருக்கும் மகள் ஒரு நாள் போனில் கேட்டாள்.

"அப்பா, அம்மாவோட சாக்ஸபோன எனக்கு அனுப்பி வைக்கிறீங்களா? எனக்கு வாசிக்கத் தெரியாது. ஆனா இங்க எங்கூட இருக்கட்டும்."

"அனுப்புறேன்மா. அதுக்கென்ன."

"பார்சல் பாரத்துல எந்தக் கம்பெனி, என்ன நம்பர், எந்த வருஷம் செஞ்சதுன்னு கேட்டிருக்காங்க. யார்கிட்டயாவது காட்டிக் கேளுங்க."

அப்படித்தான் அவர் முதன்முதலாக அந்தப் பெட்டியைத் தன் கையால் இறக்கினார். எதிர்பார்த்ததைவிடக் கனமாக இருந்தது.

*

வாத்தியங்கள் பழுது பார்க்கும் கடை ஒரு சைக்கிள் கடைக்கு மாடியில் இருந்தது. படியேறும்போதே கீழே டியூபுக்குக் காற்றடிக்கும் சத்தமும் மேலே யாரோ ஒரே சுரத்தைத் திரும்பத் திரும்ப ஊதிப் பார்க்கும் சத்தமும் கலந்து வந்தன. கடைக்காரப் பெண்ணுக்கு முப்பத்தைந்து வயது இருக்கும். தோல் ஏப்ரன், காதில் பென்சில், மேஜை மேல் கழற்றிப் போட்ட கிளாரினெட்.

"உட்காருங்க சார். என்ன கோளாறு?"

"கோளாறு ஒண்ணும் இல்லம்மா. எந்த வருஷம் செஞ்சதுன்னு தெரியணும். நாப்பத்தொரு வருஷம் இருக்கும். ஒரு பாரத்துல எழுதணும்."

அவள் பெட்டியைத் திறந்து பார்த்துப் புருவத்தைச் சுருக்கினாள். சாக்ஸபோன் பெட்டிக்குள் சரியாக உட்காரவில்லை. ஆடாமல் இருக்க இரண்டு பக்கமும் பச்சைக் கட்டம் போட்ட துண்டு ஒன்றை மடித்துச் செருகியிருந்தது. அவள் கருவியை எடுத்துக் கவிழ்த்தாள். பின்பக்கம் வலது கட்டைவிரலை மாட்டிக்கொள்ள ஒரு கொக்கி இருக்கும். அதற்குக் கீழே கம்பெனிக்காரர்கள் வரிசை எண்ணைப் பொறித்திருப்பார்கள்.

"ரெண்டு, நாலு, ஏழு… அடுத்தது மூணா எட்டான்னு தெரியல. மெருகு போடறப்போ தேய்ச்சிருக்காங்க. ஒண்ணு, ஆறு."

"டார்ச் இருக்காம்மா?"

கொடுத்தாள். நேராக அடிக்காமல், தகட்டோடு தகடாகப் படுக்க வைத்துப் பக்கவாட்டில் வெளிச்சத்தை ஓடவிட்டார். மங்கிப்போன மீட்டர் கண்ணாடிகளுக்கு எதிரே அவர் கற்ற வித்தை அது.

"மூணு" என்றார். "எட்டா இருந்தா இடப்பக்கம் மூடியிருக்கும். இங்க பாருங்க, நிழல் உள்ள போகுது. மூணேதான்."

"அடேங்கப்பா, எங்கிட்ட வேலைக்கு வந்துடுறீங்களா சார்?" என்று சிரித்துவிட்டு அலமாரியிலிருந்து ஒரு நோட்டை எடுத்தாள். எந்தக் கம்பெனி எந்த வருஷம் எந்த எண்ணிலிருந்து தொடங்கியது என்று வரிவரியாக எழுதி வைத்திருந்த நோட்டு. விரலை ஓட்டிக்கொண்டே போனாள்.

"இருநூத்தி நாப்பத்தேழாயிரத்து முந்நூத்திப் பதினாறு. சார், இது செஞ்சு பதினெட்டு வருஷம்தான் ஆகுது."

"இல்லம்மா. என் வீட்டுக்காரிக்குப் பதினேழு வயசுல வாங்கினது. எங்களுக்குக் கல்யாணமாகியே முப்பத்தொரு வருஷம் ஆச்சு."

"பட்டியல் ஒரு வருஷம் ரெண்டு வருஷம் முன்னப் பின்ன இருக்கும். இவ்வளவு தள்ளாது."

"இதே நம்பர் முன்னாடி ஒரு தடவ வந்திருக்கலாம்ல? மீட்டர்லகூட ஓடி முடிஞ்சா மறுபடி சைபர்லேருந்துதானே வரும்?"

அவள் நிமிர்ந்து அவரைப் பார்த்தாள். கேள்வி சரியான கேள்வி.

"வந்திருக்கு. இந்தக் கம்பெனி ஒரு தடவ எண்ணிக்கைய மாத்தி முதல்லேருந்து ஆரம்பிச்சாங்க. அப்படிப் பார்த்தா இதே எண் அறுபது வருஷத்துக்கு முன்னாடியும் ஒண்ணு இருக்கு. அதனாலதான் நம்பர மட்டும் நம்பக் கூடாது, உடம்பையும் பார்க்கணும். அந்தப் பழைய மாடல்ல கீழ விரிஞ்சிருக்கிற மணிவாய்க்குப் போற மூடியெல்லாம் இடப்பக்கம் இருக்கும். இதுல எல்லாமே வலப்பக்கம். மேல பாருங்க, இந்தச் சின்னச் சாவி, அப்ப கிடையவே கிடையாது. கழுத்து நம்பரும் ஒத்துப்போகுது, அதனால வேற உடம்புல மாட்டினதும் இல்ல. ஒண்ணு அறுபது, இல்லன்னா பதினெட்டு. நாப்பத்தொண்ணுக்கு வழியே இல்ல சார். பெட்டி வேணா நாப்பது வருஷம் இருக்கும். பெட்டியும் வாத்தியமும் வேற வேற. அதான் துண்டு செருகியிருக்கு."

அவள் கருவியை ஜன்னல் பக்கம் திருப்பினாள். சொல்லலாமா வேண்டாமா என்று ஒரு நொடி யோசித்த மாதிரி இருந்தது.

"இன்னொண்ணு சார். இது சும்மா கிடந்த வாத்தியம் இல்ல. கட்டைவிரல் படுற இடத்துல மெருகு போய்ப் பித்தளை தெரியுது. மூடிக்கு அடியில இருக்கிற தோலெல்லாம் ரெண்டு மூணு வருஷத்துக்குள்ள மாத்தினது. இத விடாம யாரோ வாசிச்சிருக்காங்க."

பெட்டியின் மூலையில் ஒரு சின்ன டப்பா இருந்தது. ஊதுவாயில் கட்டிக்கொள்ளும் நாணல் பட்டைகள், ரீடு என்பார்கள். ஐந்து ரீடுகள். ஒவ்வொன்றின் அடியிலும் பேனாவால் ஒரு தேதி. ஏழு போடும்போது நடுவில் ஒரு கோடு இழுப்பது மனைவியின் பழக்கம். இரண்டு ரீடில் அந்தக் கோடு போட்ட ஏழு இருந்தது. கடைசித் தேதி, அவளை ஆஸ்பத்திரியில் சேர்த்ததற்கு நான்கு நாள் முந்தியது.

"புது ரீடு எடுத்த தேதிய எழுதி வைப்பாங்க சார், எத்தன நாள் தாங்குதுன்னு பார்க்க" என்றாள் கடைக்காரப் பெண். குரல் இறங்கியிருந்தது.

சுவரில் ஒரு காலண்டர் தொங்கியது. அது இந்த வருஷத்துக் காலண்டர், உதவாது. அவர் விரல்விட்டு எண்ணினார். ஆஸ்பத்திரியில் சேர்த்தது திங்கட்கிழமை. நான்கு நாள் முன்னால் என்றால் வியாழன். மற்றத் தேதிகளையும் எண்ணிப் பார்த்தார். ஏழு ஏழாகத்தான் விலகி நின்றன.

வியாழக்கிழமை அவள் பள்ளிக்கூடத்திலிருந்து நேராக அக்கா வீட்டுக்குப் போய்விடுவாள். எட்டு மணிக்குத்தான் வருவாள். வருஷக்கணக்காக அப்படித்தான். அவர் ஆறிப்போன சாப்பாட்டைச் சூடு பண்ணிச் சாப்பிட்டுவிட்டு டிவி பார்த்துக்கொண்டிருப்பார்.

பெட்டியை மூடும்போது அந்தப் பச்சைக் கட்டத் துண்டு எங்கே பார்த்தது என்பதும் நினைவுக்கு வந்துவிட்டது. அவள் அக்கா வீட்டில் கை கழுவிவிட்டு எத்தனை தடவை அதில் துடைத்திருக்கிறார்!

*

அக்காவுக்கு அறுபத்தாறு வயது. தனி வீடு, முழங்கால் வலி, வாசலில் மூன்று பூனைகள். கதவைத் திறந்தவள் அவர் கையிலிருந்த பெட்டியைப் பார்த்தாள். "வாங்க தம்பி" என்பதைக்கூடச் சொல்லாமல் உள்ளே திரும்பி நடந்தாள். அவர் பின்னாலேயே போனார்.

"அண்ணி, இது எப்ப வாங்கினது?"

அவள் நாற்காலியில் உட்கார்ந்து முழங்காலைத் தடவிக்கொண்டாள். "உங்க பொண்ணு ஒம்பதாவது போன வருஷம். பழைய சாமான் கடையில பார்த்தாளாம். ரெண்டு வாரம் தினம் போய்க் கண்ணாடி வழியாப் பார்த்துட்டு வந்தா. மூணாவது வாரம் வாங்கி நேரா இங்க கொண்டுவந்துட்டா. அப்புறம் இங்கதான் இருந்தது."

"முன்னாடி இருந்தது?"

"மாமாவுக்கே திருப்பிக் கொடுத்துட்டா, கல்யாணமான அதே வருஷம். மாமா ஒரு போர்வையில சுத்தி எடுத்துட்டுப் போனார். பெட்டிய மட்டும் கொடுக்கல."

"அப்ப பீரோ மேல…"

"காலிப் பெட்டி தம்பி. இத்தன வருஷமும் காலிப் பெட்டிதான். அவ போனப்புறம் இங்க கிடந்த வாத்தியத்த என்ன பண்றதுன்னு தெரியாம, உங்க வீட்டுக்கு வந்தப்ப நான்தான் அதுக்குள்ள வெச்சேன். நீங்க அன்னைக்குக் கடைக்குப் போயிருந்தீங்க. உங்ககிட்டச் சொல்லத்தான் வந்தேன். வாய் வரல."

ஒரு பூனை வந்து பெட்டியை முகர்ந்துவிட்டுப் போனது.

"காலிப் பெட்டிய எதுக்கு வெச்சிருந்தா?" என்று கேட்டார். கேட்டவருக்கே தன் குரல் யாருடையதோ போல இருந்தது.

"நானும் கேட்டேன். பெட்டி கண்ணுல பட்டா, ஏன் இப்ப வாசிக்கிறதில்லன்னு அவர் ஒரு நாள் கேப்பாருக்கா, கேட்டார்னா வாசிக்க ஆரம்பிச்சுடுவேன்னா."

"அவ ஏன் நிறுத்தினா அண்ணி?"

அக்கா அவரை ஏற இறங்கப் பார்த்தாள். "நிஜமாவே தெரியாதா? நீங்கதானே சொன்னீங்களாம். கல்யாணமாகி மூணாவது வாரமோ என்னமோ. அவ வாசிச்சுட்டு இருக்கா, நீங்க வேலை முடிஞ்சு வந்து, 'தெருமுனை வரைக்கும் கேட்குது'ன்னு சொல்லிட்டு முகம் கழுவப் போயிட்டீங்களாம். மூடி வெச்சவதான்."

அவருக்கு ஞாபகம் இருந்தது. மறந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். அன்றைக்கு வெயில் தாழ்ந்த நேரம். மீட்டர் நோட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு தெருவுக்குள் திரும்பினார். டிரான்ஸ்பார்மர் பக்கத்தில் வரும்போது அந்தச் சத்தம் காதில் விழுந்தது. தன் வீட்டிலிருந்துதான் வருகிறது என்று புரியவே கொஞ்ச நேரம் பிடித்தது. அப்படியே நின்றுவிட்டார். சைக்கிளில் போன ஒரு ஆள் காலை ஊன்றி, "யாரோ பிரமாதமா வாசிக்கிறாங்களே" என்றான். என் வீட்டுக்காரிதான் என்று சொல்ல நாக்கு நுனி வரை வந்தது, கூச்சமாக இருந்தது. பத்து நிமிஷம் அங்கேயே நின்று கேட்டார். வீட்டுக்குள் நுழையும்போது நெஞ்சு முட்டச் சொல்ல இருந்தது. வாயிலிருந்து வந்தது அந்த ஒரு வரிதான். முகம் கழுவப் போனதும் கண்ணை மறைக்கத்தான்.

"அண்ணி, நான் அங்க நின்னு கேட்டுட்டு இருந்தேன். பத்து நிமிஷம். அது… நல்லா இருந்துச்சுன்னுதான் அப்படிச் சொன்னேன்."

முழங்காலைத் தடவிக்கொண்டிருந்த அக்காவின் கை நின்றது.

"இத அவகிட்டச் சொல்லியிருக்கலாமே தம்பி."

அவளாகத்தான் விட்டுவிட்டாள் என்று அவர் நினைத்திருந்தார். குடும்பம், வேலை, குழந்தை, ஆசை போயிருக்கும். பெட்டி அங்கேயேதான் இருக்கிறது, மனசு வந்தால் எடுப்பாள் என்று இருந்தார். ஒரு தடவை, மகளுக்கு நான்கு வயது இருக்கும்போது, மனைவி பெட்டியைத் தூசி தட்டிக்கொண்டிருந்தாள். இப்போது கேட்டுவிடலாம் என்று செருமினார். "தண்ணி வேணுமா?" என்று கேட்டாள். ஆமாம் என்று சொல்லி, கொடுத்த தண்ணீரைக் குடித்தார்.

"அப்புறமாவது சொல்லியிருக்கலாம்ல, புதுசா வாங்கினப்ப" என்றார்.

"ஒவ்வொரு வருஷமும் சொல்றேன் சொல்றேன்னுதான் இருந்தா. வாங்கினதச் சொன்னா விட்டதச் சொல்லணும், விட்டதச் சொன்னா காலிப் பெட்டியச் சொல்லணும், எங்கேருந்துக்கா ஆரம்பிக்கிறதுன்னுவா. நீங்களும் சும்மா இருந்தீங்க, அவளும் சும்மா இருந்தா. நடுவுல நான் திருட்டுச் சாமான் ஒளிச்சு வெச்சவ மாதிரி." அவள் புடவைத் தலைப்பால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். "வியாழக்கிழமை அச்சகத்துக்குப் பின்னாடி ஒரு ரூம்ல வாசிப்பாங்க. அஞ்சு பேர். இன்னமும் வாசிக்கிறாங்க. போய்ப் பாருங்க."

*

முதல் வியாழன் அவர் போகவில்லை. சட்டை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தவர் உட்கார்ந்தபடியே இருந்துவிட்டார். அடுத்த வியாழன் போனார்.

காகிதக் கட்டுகளுக்கு நடுவே ஒரு நீளமான அறை. மையின் வாசனை. அச்சகக்காரர் டிரம்ஸ், ஒரு பல் டாக்டர் டிரம்பெட், ஒரு கணக்கு டீச்சர் கீபோர்டு, கிடார் வாசிக்கும் ஒரு பார்மசிக்காரர். அவள் இருந்த இடத்தில் இப்போது ஒரு தபால்காரர், வாடகைக்கு எடுத்த சாக்ஸபோனோடு. அவர் வாசித்து முடித்ததும் மற்றவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்வதைப் பார்த்தாலே நிலவரம் தெரிந்தது.

மீட்டர்காரர் தான் யார் என்று சொன்னதும் எல்லாரும் எழுந்து நின்றுவிட்டார்கள். டீச்சர்தான் முதலில் பேசினாள்.

"நீங்கதானா! உங்களப் பத்திச் சொல்லுவாங்க சார்."

"என்ன சொல்லுவா?"

"அவருக்குச் சத்தம் ஆகாது, அமைதியான மனுஷன்னு."

அவர் தலையை ஆட்டினார். அதைத் திருத்தும் தெம்பு அன்றைக்கு அவருக்கு இல்லை.

"எங்களுக்கெல்லாம் அவங்கன்னா உதறல்தான்" என்றார் பல் டாக்டர். "சுருதி போலீஸ்னு பேரு வெச்சிருந்தோம். ஒரு இம்மி இறங்கினா போதும், எல்லாத்தையும் நிறுத்தி நடுக்கூடத்துல நிக்க வெச்சு வாங்கு வாங்குன்னு வாங்கிடுவாங்க."

அவளா? உதட்டில் விரல் வைக்கிறவளா? அவரால் கற்பனை பண்ண முடியவில்லை.

"ஏதாவது… பதிவு பண்ணி வெச்சிருக்கீங்களா?"

அவர்கள் தயங்கினார்கள். ஒன்றே ஒன்று இருக்கிறது, ஆனால் கேவலமாக இருக்கும் என்று சொல்லித்தான் டாக்டர் தன் போனை எடுத்தார். போனை டிரம்பெட்டுக்குப் பக்கத்தில் வைத்துப் பதிந்தது. மூன்று நிமிஷம் நாற்பது விநாடி. முதலில் மின்விசிறியின் இரைச்சல், பிறகு டிரம்பெட், டிரம்பெட், மறுபடி டிரம்பெட். சாக்ஸபோன் எங்கோ ஒரு சுவருக்கு அந்தப் பக்கம் இருப்பது போல. மீட்டர்காரர் குனிந்து காதைக் கொண்டுபோனார். எது அவள் என்று தெரியவில்லை. முகத்தைப் பார்த்துப் புரிந்துகொண்ட டாக்டர் ஒரு விரலைத் தூக்கினார்.

"இதோ. இப்ப. இது அவங்க."

விரல் இறங்கியது. கொஞ்சம் கழித்து மறுபடி உயர்ந்தது. "இது. இதுவும்."

விரல் உயரும்போதெல்லாம் அவர் மூச்சைப் பிடித்துக்கொண்டார். கடைசியில் பாட்டு பாதியில் நின்றது. ஒரு பெண் குரல், பெரிய குரல், கூடம் முழுக்கக் கேட்கிற குரல்: "டாக்டர்! பல்லு புடுங்குற வேலைய கிளினிக்கோட வெச்சுக்குங்க! திரும்ப முதல்லேருந்து!" அப்புறம் சிரிப்பு. அவள் சிரிப்புத்தான் முதலில் அடையாளம் தெரிந்தது. அதோடு முடிந்துவிட்டது.

யாரும் அவர் முகத்தைப் பார்க்கவில்லை. அச்சகக்காரர் எழுந்து போய் ஒரு டம்ளர் தண்ணீர் கொண்டுவந்து வைத்தார்.

*

அந்த ஞாயிற்றுக்கிழமை மகளுக்குப் போன் பண்ணி எல்லாவற்றையும் சொன்னார். அவர் வாழ்க்கையில் போனில் பேசிய நீளமான பேச்சு அதுதான். அந்த ஒரு வரியைப் பற்றியும் சொன்னார், மறைக்கவில்லை. மகள் நடுவில் ஒரு தடவை, "அப்பா, இருக்கீங்களா?" என்று கேட்டாள். அவர் இருந்தார்.

"இப்ப அனுப்ப வேண்டாம்ப்பா" என்றாள் கடைசியில். "வருஷக் கடைசியில நான் வர்றேன். ஒரு வியாழக்கிழமை என்னையும் கூட்டிட்டுப் போங்க."

அதனால் பார்சல் பாரம் நிரப்பியபடி மேஜை டிராயரில் கிடக்கிறது. எண், வருஷம் எல்லாம் எழுதியாகிவிட்டது. சாக்ஸபோனைத் தபால்காரருக்கு வியாழக்கிழமைதோறும் இரவல் கொடுக்கிறார். வாசித்து முடித்ததும் தபால்காரர் அதைத் துடைத்து அவர் கையிலேயே கொடுத்துவிட வேண்டும் என்று ஒப்பந்தம். அதே கருவிதான், ஆனால் சத்தம் அது இல்லை. அதில் அவருக்குக் குழப்பம் ஒன்றும் கிடையாது. தபால்காரர் நல்ல மனுஷன், கொஞ்சம் கொஞ்சமாகத் தேறி வருகிறார்.

டாக்டர் அந்தப் பதிவை இவர் போனுக்கு அனுப்பி வைத்திருக்கிறார். காலையில் பால் காய்ச்சும்போது ஒரு தடவை, துணி உலர்த்தும்போது ஒரு தடவை கேட்கிறார். முதல் வாரம் முழுக்க டிரம்பெட்தான் கேட்டது. அப்புறம் எங்கே அவள் வருகிறாள் என்று நேரத்தை வைத்துக் குறித்துக்கொண்டார்: நாற்பத்திரண்டாவது விநாடி, ஒரு நிமிஷம் ஐந்து, இரண்டு நிமிஷம் பதினெட்டு. இப்போது குறிப்பு வேண்டியதில்லை. மின்விசிறி இரைச்சலுக்குப் பின்னால், டிரம்பெட்டுக்குப் பின்னால், அவள் மூச்சை உள்ளே இழுப்பதே அவருக்குக் கேட்கிறது. இழுத்ததும், ஈரத் துணியைக் கையில் பிடித்தபடி அவர் அப்படியே நின்றுவிடுகிறார்.